ராஸ் லஃபானில் மேலே ஏறும் வழி

தம்பி, குஜராத்தின் தஹேஜ் எல்என்ஜி (திரவ இயற்கை எரிவாயு) முனையத்தில் நாலு வருடம் வேலை பார்த்துவிட்டு, கத்தாரின் எரிவாயு ஆலை நகரமான ராஸ் லஃபானுக்கு வரப்போகிறீர்கள். இங்கே நிர்வாகத் தலைமை வரை போக முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

இங்குள்ள அரசு எரிவாயு நிறுவனமான கத்தார் எனர்ஜியின் உச்சப் பதவிகள் அந்நாட்டுக் குடிமக்களுக்குத்தான். அதன் தலைவர் சஅத் அல் கஅபி 1986இல் மாணவராகச் சேர்ந்தவர். பென்சில்வேனியா ஸ்டேட் பல்கலையில் பெட்ரோலியப் பொறியியல் முடித்து, நிலத்தடித் தேக்கப் பிரிவில் வேலை பார்த்து, பிறகு கூட்டு ஒப்பந்தங்கள் பக்கம் வந்து, 2014இல் தலைமைக்கும் 2018இல் அமைச்சர் பதவிக்கும் போனார். அந்த நாற்காலி நமக்கு இல்லை. ஆனால் அவர் ஏறிய வரிசையை அப்படியே பிடித்துக்கொள்ளுங்கள்: முதலில் வாயு, பிறகு ஒப்பந்தம். இரண்டும் தெரிந்தவரை இங்குள்ள பங்குதாரக் கம்பெனிகளும் வாங்கும் கம்பெனிகளும் தேடித்தான் எடுக்கின்றன. நமக்குத் தலைமைப் பதவி அந்தப் பக்கம்தான் திறக்கும்.

தஹேஜில் திரவத்தை வாயுவாக்கினீர்கள். இங்கே வேலை தலைகீழ். அமீன் என்ற ரசாயனக் கரைசல் கொண்டு அமில வாயுவை நீக்கி, மாலிக்யூலர் சீவ் என்ற ஈரம் உறிஞ்சும் நுண்துளைப் பொருள் வழியாக ஈரத்தை எடுத்து, அதற்கான படுகையில் பாதரசத்தைப் பிடித்து, அதன் பிறகே மைனஸ் 162 டிகிரிக்குக் குளிர்விக்கிறார்கள். பாதரசப் படுகையை அலட்சியமாக நினைக்காதீர்கள். பிரதான வெப்பப் பரிமாற்றியின் குழாய்கள் அலுமினியம். பாதரசம் அலுமினியத்தை அரித்துவிடும். படுகை தீர்ந்துபோனால் அழுத்தமோ வெப்பநிலையோ எதுவும் காட்டிக்கொடுக்காது, லேப் மாதிரிதான் சொல்லும். ஈரம் தப்பினால் அறிகுறி வேறு: உள்ளே பனி கட்டி, அழுத்த இழப்பு கொஞ்சம் கொஞ்சமாக ஏறும். அந்தப் பனியை உருக்க (டிஃப்ராஸ்ட்) ட்ரெயினை, அதாவது வாயுவைத் திரவமாக்கும் இயந்திர வரிசையை, நிறுத்தினால் உற்பத்தி போகும். முதல் இரண்டு வருடம் ஒரே ட்ரெயினை இப்படி அடிமுதல் நுனிவரை படியுங்கள். வாயுவில் ஹைட்ரஜன் சல்பைடு என்ற நச்சு இருப்பதால் சுவாசக் கருவிப் பயிற்சி கட்டாயம். தாடி இருந்தால் முகமூடி முகத்தோடு ஒட்டாது, எடுத்துவிட்டே வாருங்கள்.

மூன்றாம் வருடம் திட்டமிடல் பிரிவுக்கு மாற்றம் கேளுங்கள். பதவி உயர்வு இல்லாத மாற்றம் என்று பலர் ஒதுக்குவது பெரிய தவறு. வருடாந்தர விநியோகத் திட்டம் அங்கேதான் போடப்படுகிறது. கப்பல் இரண்டு நாள் தாமதித்தால் தொட்டி நிரம்பும், ட்ரெயினின் ஓட்டத்தைக் குறைக்க வேண்டிவரும். ஆலையும் கடலும் விற்பனையும் ஒரே தாளில் தெரிகிற மேசை அது.

அங்கிருந்து அடுத்த படி விலை. நீண்டகால ஒப்பந்தங்களில் பெரும்பாலும் கச்சா எண்ணெய் விலையில் இத்தனை சதவீதம் என்று ஸ்லோப் வைப்பார்கள். பிரென்ட் கச்சா எண்ணெய் பீப்பாய்க்கு 80 டாலர், ஸ்லோப் 12 சதவீதம் என்றால் எம்எம்பிடியூவுக்கு (வாயுவை அளக்கும் வெப்ப அலகு) 9.60 டாலர். 12.1 ஆனால் எட்டு சென்ட் கூடும். 2,66,000 கன மீட்டர் கொள்ளும் க்யூ-மேக்ஸ் ரக எல்என்ஜி கப்பலில் ஏறக்குறைய 60 லட்சம் எம்எம்பிடியூ. ஒரே சரக்கில் கிட்டத்தட்ட 4.8 லட்சம் டாலர் வித்தியாசம். கத்தாரிலிருந்து தஹேஜுக்கு ஆண்டுக்கு 75 லட்சம் டன் வரும் ஒப்பந்தம் 1999இல் போட்டது. 2024இல் அதை 2048 வரை நீட்டித்தார்கள். வாங்குபவர் பக்கத்தை உள்ளிருந்து பார்த்தவர் நீங்கள். நேர்காணலில் இதைச் சொல்லத் தயங்கவே வேண்டாம்.

கிளம்புமுன் காகித வேலை. பட்டச் சான்றிதழுக்கு மாநில அரசு, வெளியுறவு அமைச்சகம், கத்தார் தூதரகம் என்ற வரிசையில் முத்திரை வேண்டும். நம்மவர்களுக்கு இடிப்பது இனிஷியல்: பட்டத்தில் ஓர் எழுத்து, பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் முழுதாக. இரண்டும் ஒருவரே என்ற உறுதிமொழிப் பத்திரத்தை ஊரிலேயே வாங்கிவிடுங்கள். விசாவில் தொழில் ‘இன்ஜினியர்’ என்றே இருக்கிறதா பாருங்கள். ஆஃபரில் மொத்தத் தொகையை மட்டும் பார்த்துக் கையெழுத்துப் போடாதீர்கள். வேலை முடியும்போது தரும் பணிக்கொடை அடிப்படைச் சம்பளத்தை வைத்துத்தான் கணக்கு, அது எவ்வளவு என்று தனியாக எழுதி வாங்குங்கள்.