நினைவு போனபின் இருப்பது யார்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

சைவக் குடும்பத்தில் பிறந்து கத்தோலிக்கக் குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டவள் நான். என் மாமியாருக்கு மறதிநோய் முற்றிவிட்டது. பெற்ற பிள்ளையையே அடையாளம் தெரியவில்லை. ஜெபமாலை சொன்னால் உதடு மட்டும் அசையும். இப்போது அதுவும் நின்றுவிட்டது. முதல் வெள்ளி தோறும் பங்குத்தந்தை வந்து நற்கருணை கொடுத்து, பழையபடியே அவரிடம் பேசிவிட்டுப் போகிறார். உறவினர் ஒருவர், "அத்தை எப்பவோ போய்ட்டாங்க, இப்ப இருக்கிறது வெறும் உடம்பு" என்றார். கோபம் வந்தது, ஆனால் பதில் சொல்லத் தெரியவில்லை.

உடம்பு கூடு, உயிர் பறவை என்று கேட்டு வளர்ந்தவள் நான். கிறிஸ்தவர்களும் ஆன்மாவைத்தானே பெரிதாகச் சொல்கிறார்கள்? அந்த ஆன்மா உள்ளே பத்திரமாக இருக்கிறது என்றால், மூளை பழுதானதும் ஆள் ஏன் காணாமல் போகிறார்? இன்னொன்று: இனிமேல் பெரிய சிகிச்சை எதுவும் வேண்டாம் என்று முடிவெடுத்தால் பாவமா என்று என் கணவர் தவிக்கிறார்.

ம.

அன்புள்ள ம.,

உங்கள் கோபம் நியாயமானது. உங்கள் கேள்வியும் பழையது, பெரியது. உங்கள் மாமியார் சார்ந்த சபை அதைப் பல நூற்றாண்டுகளாக யோசித்திருக்கிறது.

முதலில் கூட்டையும் பறவையையும் பார்ப்போம். பக்திப் பேச்சில் கிறிஸ்தவர்களும் அப்படிச் சொல்வதுண்டு. ஆனால் கத்தோலிக்க இறையியலின் நடுநாயகமான தாமஸ் அக்வினாஸ் (1225–1274) இதை மறுக்கிறார். ஆன்மா உடலுக்குள் குடியிருக்கும் இன்னொரு பொருள் என்று அவர் கருதவில்லை. உடலை உயிருள்ள மனித உடலாக ஆக்குவது எதுவோ அதற்குத்தான் ஆன்மா என்று பெயர். உயிர் போனபின் இருக்கும் கண்ணைக் கண் என்பதுகூடப் பெயரளவுக்குத்தான் என்பார். 1312-இல் பிரான்சின் வியன் நகரில் கூடிய திருச்சபைப் பொதுச்சங்கம் இந்த நிலைப்பாட்டைத் திருச்சபையின் போதனையாகவே அறிவித்தது.

கொரிந்தியருக்கு எழுதப்பட்ட முதல் திருமுகத்தின் 15-ஆம் அதிகாரத்துக்கு உரை எழுதும்போது அக்வினாஸ் ஒரு வாக்கியம் சொல்கிறார்: "என் ஆன்மா நான் அல்ல." ஆன்மா மட்டும் கரையேறினால் நான் கரையேறியதாக ஆகாது என்கிறார். ஞாயிறு திருப்பலியில் "உடலின் உயிர்ப்பை நம்புகிறேன்" என்று உங்கள் கணவர் சொல்வதன் பொருள் இதுதான். அக்வினாஸே இதற்கு ஒரு தடையும் எழுப்பிக்கொள்கிறார். பேதுருவின் ஆன்மா பேதுரு அல்ல என்றால், "பேதுருவே, எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்" என்று எப்படி மன்றாடலாம்? நாம் அறிந்த பெயரால் அழைக்கிறோம், அவர் உடலோடு எழுவார் என்ற நம்பிக்கையைக் காட்டவும் அப்படி அழைக்கிறோம் என்று விடை சொல்கிறார். சாவுக்கும் உயிர்ப்புக்கும் நடுவில் 'ஆள்' இருக்கிறாரா, ஆன்மா மட்டும்தானா என்று அக்வினாஸ் ஆய்வாளர்கள் இன்றும் இரு கட்சியாக நின்று வாதாடுகிறார்கள்.

உங்கள் கேள்விக்கு நேராக வருகிறேன். ஆன்மா உள்ளே எல்லா நினைவுகளோடும் பத்திரமாகப் பூட்டி வைக்கப்பட்டிருக்கிறது என்று இந்த மரபு ஆறுதல் சொல்லாது. மனிதர் சிந்திப்பதற்கு உடல் வழியாக வரும் மனப்படிமங்கள் வேண்டும் என்பது அக்வினாஸின் கொள்கை. அதற்கு அவர் தரும் சான்றே நோயாளிகள்தான். உறுப்பு பழுதாகிக் கற்பனையோ நினைவோ தடைப்பட்டவர், முன்பே நன்றாக அறிந்திருந்ததைக்கூட இப்போது எண்ண முடியாமல் போகிறார் என்று எழுதுகிறார். 13-ஆம் நூற்றாண்டில்! எனவே மூளை பழுதானால் நினைவு போவது இந்தச் சிந்தனைக்கு அதிர்ச்சி அல்ல. உங்கள் வீட்டில் நடந்திருப்பது உண்மையான இழப்பு. அதை இழப்பு என்று சொல்லி அழ உங்களுக்கு உரிமை உண்டு.

ஆனால் இழந்தது யார்? அங்கேதான் உங்கள் உறவினர் சறுக்குகிறார். அவருக்குப் பின்னால் ஒரு பெரிய தத்துவவாதி நிற்கிறார். 1694-இல் ஆங்கிலேயரான ஜான் லாக், ஆள் என்றால் சிந்திக்கிற, வேறு வேறு காலங்களிலும் இடங்களிலும் தன்னைத் தானே என்று அறிகிற ஒன்று என வரையறுத்தார். மனிதர் வேறு, ஆள் வேறு என்றும் பிரித்தார். இதை ஏற்றுக்கொண்டால் நினைவின் கயிறு அறுந்த இடத்தில் ஆளும் முடிந்துவிடுகிறார், மிச்சம் உடம்புதான்.

அதற்கு ஏறத்தாழ 1200 ஆண்டுகள் முன்பே, கிறிஸ்துவில் எத்தனை இயல்பு, எத்தனை ஆள் என்ற சண்டைக்கு நடுவில், ரோமத் தத்துவவாதி போயித்தியுஸ் வேறொரு வரையறை தந்திருந்தார்: அறிவு இயல்புடைய, பகுக்க முடியாத தனி இருப்பே ஆள். இப்போது யோசிக்கிறாரா, நினைவு வைத்திருக்கிறாரா என்ற கேள்வி அதில் இல்லை. அவர் எந்த இயல்பைச் சேர்ந்தவர் என்பதுதான் கேள்வி. தூங்குகிறவரும் பச்சைக்குழந்தையும் உங்கள் மாமியாரும் அந்த இயல்பைச் சேர்ந்தவர்கள். ஜெபமாலைக்கு உதடு அசைந்தவரை நீங்கள் அதைப் பிடித்துக்கொண்டிருந்தீர்கள் என்று நினைக்கிறேன். அதில் தவறில்லை. ஆனால் அவர் இன்னும் அவர்தான் என்பதற்கு அந்த உதடு சாட்சி சொல்ல வேண்டியதில்லை.

லாக்கிடமிருந்து கொலைக்கூடத்துக்கு நேராகக் கோடு இழுக்க மாட்டேன், அது அவருக்குச் செய்யும் அநீதி. ஆனாலும் மனிதர் என்பது தேறிக் காட்ட வேண்டிய ஒரு தகுதி என்று ஆகும்போது எவ்வளவு தூரம் போகும் என்பதை ஜெர்மனி பார்த்துவிட்டது. மனநோயாளிகளையும் உடல் ஊனமுற்றவர்களையும் நாஜி அரசு 1940 தொடங்கி நச்சுவாயு அறைகளில் கொன்றது. 1941 ஆகஸ்டுக்குள் 70,000-க்கும் மேற்பட்டவர்கள். அந்த ஆகஸ்டு 3-ஆம் தேதி, மியூன்ஸ்டர் நகரின் லாம்பெர்ட்டி ஆலயத்தில் ஆயர் கிளெமென்ஸ் ஆகுஸ்ட் ஃபொன் காலன் பிரசங்க மேடையில் இதை வெளிப்படையாகச் சொன்னார். தன் மறைமாவட்டத்திலிருந்து நோயாளிகள் கொண்டுபோகப்படுவது குறித்துக் கொலைக் குற்றப் புகார் கொடுத்திருப்பதாக அறிவித்தார். பழைய இயந்திரத்தையும் நொண்டிக் குதிரையையும் கழித்துக்கட்டுவதுபோல மனிதரையும் கழிக்கலாமா என்று கேட்டார். பயன்படாதவரைக் கொல்லலாம் என்று ஒப்புக்கொண்டால், நாம் கிழடுதட்டும் நாளில் நம் எல்லோருக்கும் கேடு என்றார். அந்தப் பிரசங்கம் கைப்பிரதிகளாக நாடெங்கும் போனது. அவருடைய பிரசங்கங்களைப் பரப்பிய லூபெக் நகரக் குருக்கள் மூவரும், அவர்களோடு ஒரு லூத்தரன் போதகரும் 1943 நவம்பர் 10 அன்று தலை வெட்டப்பட்டார்கள். யூதர்கள் கொண்டுசெல்லப்பட்டபோது காலனின் குரல் பொதுவெளியில் அந்த உரத்தோடு எழவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். அவர் சொன்ன நியாயமே அதைக் கோரியது.

அதே காலன் 1942-இல் மனைவியை இழந்த ஒருவரைக் குருவாகத் திருநிலைப்படுத்தினார். அவருடைய மகன்தான் பின்னாளில் தத்துவவாதியான ராபர்ட் ஷ்பேமான். லாக்குக்கு மிகச் சிறந்த பதில் அவருடையது என்று நினைக்கிறேன். "நான் இந்த ஆண்டில் பிறந்தேன்" என்று எல்லோரும் சொல்கிறோம். அன்று பிறந்தது 'நான்' என்று தன்னை உணர முடியாத ஒரு சிசு. "உன்னை வயிற்றில் சுமந்தபோது" என்று தாய் சொல்கிறாள். ஏதோ ஒன்று வளர்ந்து ஒரு நாள் 'ஒருவர்' ஆவதில்லை. மனிதகுலம் என்பது தேர்வு எழுதிச் சேரும் சங்கமும் அல்ல, பிறப்பால் அமைகிற உறவு என்கிறார். மகனை அடையாளம் தெரியாத அம்மா அம்மாவாக இல்லாமல் போவதில்லை. உங்கள் பங்குத்தந்தை அவரிடம் பேசுவதை இரக்கம் என்றோ சடங்கு என்றோ எடுத்துக்கொள்ள வேண்டாம். அங்கே ஒருவர் இருக்கிறார், அதனால் பேசுகிறார்.

உங்கள் கணவரின் தவிப்புக்கு வருகிறேன். ஒருவரின் மாண்பை மதிப்பது என்றால் எல்லாக் கருவிகளையும் மாட்டி நாட்களை நீட்டுவது என்று திருச்சபை சொல்லவில்லை. 1957 நவம்பரில் மயக்க மருத்துவர்களிடம் பேசிய திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ், நோயாளிக்கோ மற்றவருக்கோ பெரும் சுமையாகாத சாதாரண வழிகளைக் கையாள்வதே கடமை என்றார். ஆயுள் குறைய நேரிட்டாலும், அந்த நோக்கமில்லாமல் வலியைத் தணிக்க மருந்து கொடுக்கலாம் என்றும் அந்த ஆண்டிலேயே சொல்லியிருக்கிறார். உணவும் தண்ணீரும் வேறு. உடல் ஏற்கும்வரை அவற்றைக் கொடுக்க வேண்டும் என்பது 2004-இல் திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் வலியுறுத்தியது. அவரே மறு ஆண்டு தன் கடைசி நாட்களில் மருத்துவமனைக்குத் திரும்பாமல் வத்திக்கானில் தன் அறையிலேயே இருந்துவிட்டார்.

எனவே ஊட்டுவது, குளிப்பாட்டுவது, புரட்டிப் படுக்க வைப்பது, வலிக்கு மருந்து, இவை தொடரட்டும். பலன் தராமல் அவரை வருத்தம் மட்டுமே படுத்தும் சிகிச்சைகள் வேண்டாம் என்று குடும்பமாகப் பேசி மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். அதில் பாவம் இல்லை என்று உங்கள் கணவரிடம் சொல்லுங்கள். பங்குத்தந்தையிடம் கேட்டாலும் இதையே சொல்வார்.

அன்புடன்