பாலத்தின் நடுவே நின்றுவிட்ட படகோட்டி

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஆன்லைன் ரோல்பிளேயிங் விளையாட்டு ஒன்றை மூன்று ஆண்டுகளாக ஆடிவருகிறேன். அதில் நான் மிகவும் விரும்பித் தொடங்கிய ஒரு குவெஸ்ட் தொடர், அதாவது கட்டம் கட்டமாக முடிக்க வேண்டிய பணிகளின் வரிசை, உண்டு. பார்வையிழந்த முதிய படகோட்டி ஒருவரை, அவருடைய மகன் மூழ்கிப்போன ஆற்றின் ஊற்றுவரை கூட்டிச் செல்ல வேண்டும். மொத்தம் 19 கட்டங்கள். முதல் 18 கட்டங்களை முடிக்க எனக்கு இரண்டு மாதங்கள் ஆயின. கடைசிக் கட்டத்தில் ஒரு கற்பாலத்தின் நடுவே படகோட்டி நின்றுவிடுகிறார். பேசுவதில்லை, நகர்வதில்லை. 11 இரவுகள் முயன்றேன். வழியிலிருந்த எதிரிகளையெல்லாம் கொன்றுவிட்டு வந்தேன், கொல்லாமல் வந்தேன், மெதுவாக நடந்தேன், குவெஸ்டைக் கைவிட்டு மறுபடியும் எடுத்தேன். ஒவ்வொரு முறையும் நான்தான் எதையோ கவனிக்கத் தவறியிருக்கிறேன் என்றே நினைத்தேன். ஏற்கெனவே அதை முடித்துவிட்ட நண்பர்கள் உதவிக்கு வந்தார்கள். அவர்களுடைய திரையில் பாலத்தின்மேல் படகோட்டியே இல்லை.

நிறுவனத்தின் உதவிப் பிரிவுக்கு மூன்று முறை எழுதினேன். மூன்று முறையும் ‘வெளியேறி மீண்டும் உள்நுழைந்து பாருங்கள்’ என்ற ஒரே பதில்தான் வந்தது. அதே பாலத்தில் இன்னும் பலர் சிக்கியிருக்கிறார்கள் என்பது பிறகுதான் தெரிந்தது. அன்று வந்த கோபம் எனக்கே புதிது. ‘ஒரு விளையாட்டுக்குப் போய் இவ்வளவு கோபமா?’ என்று என் அக்கா கேட்டாள். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. இந்தக் கோபத்துக்கு நியாயம் இருக்கிறதா? இவ்வளவு பெரிய உலகத்தை உருவாக்கியவர்கள்மீது ஒரு பிழைக்காகச் சினம் கொள்வது நன்றிகெட்டதனமா?

அன்புடன்,
ச.

*

அன்புள்ள ச.,

படகோட்டி நின்றுபோனதைச் சொல்லும் வரியைவிட, ‘நான்தான் எதையோ கவனிக்கத் தவறியிருக்கிறேன்’ என்று நீங்கள் எழுதிய வரியில்தான் என் மனம் தங்கிவிட்டது. உங்கள் கோபத்தின் வேர் அங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன். அந்த 11 இரவுகளும் நீங்கள் உங்களையே சந்தேகித்துக்கொண்டிருந்தீர்கள்; அப்படிச் சந்தேகிக்கத் தேவையில்லை என்று சொல்லக்கூடிய இடத்தில் இருந்தவர்கள் சொல்லவில்லை. உங்கள் கோபம் நியாயமானது.

ஆனால் அது எதன்மீது செல்ல வேண்டும் என்பதைப் பிரித்துப் பார்க்கலாம். பிழை இருந்தது என்பதற்காக அந்த விளையாட்டை உருவாக்கியவர்களை நான் குறை சொல்லமாட்டேன். இத்தகைய விளையாட்டில் சர்வர் இரண்டு வகையான நினைவுகளைத் தாங்கிக்கொண்டிருக்கிறது. ஒன்று உலகத்தின் நினைவு: படகோட்டி இப்போது எங்கே நிற்கிறார், எந்த எதிரி உயிரோடிருக்கிறது, எந்தக் கதவு திறந்திருக்கிறது என்பவை. மற்றது உங்கள் பாத்திரத்தின் நினைவு: நீங்கள் எந்தக் குவெஸ்டில் எந்தக் கட்டம்வரை வந்திருக்கிறீர்கள் என்ற பதிவு. குவெஸ்ட் நகர்வதற்கு இவை இரண்டும் ஒன்றையொன்று சரியான நொடியில் தொட்டுக்கொள்ள வேண்டும். துணைக்கு அழைத்துச் செல்லும் குவெஸ்டுகளில் அந்தப் பாத்திரம் முன்கூட்டியே குறிக்கப்பட்ட வழிப்புள்ளிகளில் ஒவ்வொன்றாக நடந்து செல்லும். குறிப்பிட்ட ஒரு புள்ளியை அது மிதித்தால்தான் உங்கள் பதிவில் அடுத்த கட்டம் திறக்கும். வழியில் ஓர் எதிரி அதைத் தாக்கிப் பாதையிலிருந்து இழுத்துவிட்டால், சண்டை முடிந்து திரும்பும்போது அது அந்தப் புள்ளியைத் தாண்டிப்போய் நிற்கக்கூடும். இல்லையெனில், நீங்கள் தொடங்கிய அதே வேளையில் இன்னொருவரும் அதே படகோட்டியைத் தொடங்கியிருக்கலாம். படகோட்டி யாருடன் நடக்கிறார் என்பது சர்வருக்கே குழம்பிப்போகும். உங்கள் பாலத்தில் நடந்தது இவற்றில் எது என்று வெளியிலிருந்து சொல்ல முடியாது. ஆனால் இந்த வகைப் பிழைகள் பெரும்பாலும் இப்படிப்பட்ட இடங்களில்தான் பிறக்கின்றன.

உங்கள் நண்பர்களின் திரையில் படகோட்டி இல்லாமல் போனதற்கும் காரணம் உண்டு. ஒரே இடத்தில் நிற்கும் இருவருக்கு, அவரவர் முடித்த கட்டங்களைப் பொறுத்து வெவ்வேறு உலகத்தைக் காட்டும் முறை இன்று பரவலாக இருக்கிறது. 2008-இல் ‘வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்’ விளையாட்டுக்கு வெளிவந்த ‘ராத் ஆஃப் த லிச் கிங்’ விரிவாக்கம் அதைப் பெரிய அளவில் கையாண்டது. நீங்கள் ஒரு கிராமத்தைக் காப்பாற்றினால் அது உங்களுக்குக் காப்பாற்றப்பட்ட கிராமமாகவே இருக்கும் என்பது கதைக்குப் பெரும் வலிமை. எனினும் ஒரு கட்டம் பழுதாகிவிட்டால், அதைத் தாண்டிப்போன நண்பர்கள் உங்கள் பக்கத்தில் நின்றாலும் உங்களுக்கு உதவ முடியாத நிலையும் அதே முறையால் வருகிறது.

வெளியீட்டுக்கு முன் எவ்வளவு சோதித்தாலும், லட்சக்கணக்கானோர் நுழைந்த பிறகு நடப்பதை ஒரு சோதனைக்குழு முழுவதும் முன்னறிய முடியாது. 2005 செப்டம்பரில் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டில் ஹக்கார் என்ற பாஸ் (வலிமைமிக்க முதன்மை எதிரி), வீரர்கள்மீது ஏவிய ரத்த நோய் அந்த ஒரு ரெய்டுக்குள், அதாவது பலர் குழுவாகச் சேர்ந்து போரிடும் தனிக்களத்துக்குள், அடங்கியிருக்க வேண்டியது. வேட்டைக்காரர் வகைப் பாத்திரங்களின் வளர்ப்பு விலங்குகள் அதைச் சுமந்து வெளியே கொண்டுவந்து, நகரங்களில் கூட்டம் கூட்டமாக வீரர்கள் மடியும்படி செய்துவிட்டன. தொற்றுநோய் ஆய்வாளர்கள் பின்னர் அதை ஒரு மாதிரியாக எடுத்து ஆராயுமளவுக்குப் போன அந்த நிகழ்வை யாரும் திட்டமிடவில்லை. ஆகவே பிழை என்பதே குற்றமல்ல. அது தெரிந்த பிறகு ஆடுபவரிடம் என்ன சொல்கிறார்கள் என்பதில்தான் என் வழக்கு தொடங்குகிறது.

விளையாட்டில் தோல்வியை நாம் ஏன் விரும்பி ஏற்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். தோற்றதற்கான காரணம் நம்மிடம் இருக்கிறது, அதைக் கண்டுபிடித்துத் திருத்திக்கொண்டால் வெல்லலாம் என்ற உறுதி இருப்பதால்தான் ஒரே பாஸிடம் முப்பது முறை செத்தாலும் முப்பத்தோராவது முறை எழுந்து போகிறோம். சொல்லப்படாத பிழை அந்த உறுதியைக் குலைத்துவிடுகிறது. 2006 ஜனவரியில் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டில் ஆன்’கிராஜ் கோயில் திறந்தபோது அதன் இறுதி பாஸான க்துன், 40 பேர் கொண்ட தேர்ந்த குழுக்களைக்கூட மாதக்கணக்கில் வீழ்த்திக்கொண்டிருந்தது. எவ்வளவு திறமையாக ஆடினாலும் அதைக் கொல்வது கணக்குப்படி முடியாத காரியம் என்று வீரர்கள் வாதிட்டார்கள். ஏப்ரல் மாத இறுதியில் அதன் வலிமை திருத்தப்பட்டது. உடனே நிஹிலம் என்ற ஐரோப்பியக் கில்டு (சேர்ந்து ஆடும் நிலையான வீரர் குழு) அதை வீழ்த்தி உலகின் முதல் வெற்றியைப் பெற்றது. வெற்றி பெற்றவர்களைவிட, அதற்கு முந்தைய வாரங்களில் ஒவ்வோர் இரவும் தோற்று, யாருடைய கவனக்குறைவு இது என்று தங்களுக்குள் விசாரித்துக்கொண்டிருந்திருக்கக்கூடிய குழுக்களைப் பற்றித்தான் நான் அதிகம் நினைப்பதுண்டு.

ஏனெனில் நானும் அப்படி விசாரித்தவன். பல ஆண்டுகளுக்கு முன் வேறொரு விளையாட்டில் ஒரு சிறிய கில்டை நடத்திவந்தேன். ஒரு குவெஸ்டின் முடிவில் இருவர் இரு கோபுரங்களில் நின்று ஒரே வேளையில் நெம்புகோலை இழுக்க வேண்டும். எங்களில் ஒருவர் கிழக்குக் கோபுரத்தில் நின்றார். ஐந்து வாரங்கள் அவருடைய நெம்புகோல் மட்டும் வேலை செய்யவில்லை. முதலில் பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தோம். பிறகு அவருடைய இணைய இணைப்பைக் குறை சொன்னோம். கடைசியில், கவனமில்லாதவருக்குப் பொறுப்பான இடம் கொடுத்தது என் தவறு என்று எல்லோர் முன்னிலும் நான் சொன்னேன். அவர் மறுத்துப் பேசவில்லை. அடுத்த வாரம் கில்டிலிருந்து விலகிப்போனார். அதற்கு இரண்டு மாதங்கள் கழித்து வந்த ஒரு பேட்சின் (விளையாட்டைத் திருத்தும் புதுப்பிப்பின்) குறிப்புகளில், இரண்டு நெம்புகோல்களும் ஒரே கணத்தில் இழுக்கப்படும்போது கிழக்குப் பக்கத்தது பதிவாகாத பிழை சரிசெய்யப்பட்டது என்று ஒரே ஒரு வரி இருந்தது. அதாவது நாங்கள் சொன்னபடி அவர் மிகச் சரியாக இழுத்ததால்தான் அது வேலை செய்யாமல் போயிருக்கிறது. அவருக்கு மன்னிப்புக் கேட்டு எழுதினேன். அவர் அதற்குள் விளையாட்டையே விட்டுவிட்டிருந்தார். அந்தச் செய்தி படிக்கப்படாமலேயே கிடந்தது. என் சொற்களுக்கு நான்தான் பொறுப்பு. ஆனால் அந்த ஒரு வரியை, சரிசெய்ய இயலாத நிலையிலும், ‘இப்படி ஒரு சிக்கல் இருப்பதாக அறிகிறோம்’ என்று முன்பே வெளியிட்டிருந்தால் அவர் எங்களோடு இருந்திருப்பார்.

பிழை எங்கே இருக்கிறது என்று எல்லோருக்கும் தெரிந்துவிட்டால் மனிதர்கள் எவ்வளவு பொறுமையாக இருக்கிறார்கள் என்பதற்கும் சான்று உண்டு. 2017 ஜூனில் ‘ஃபைனல் ஃபேன்டஸி 14’ விளையாட்டின் ‘ஸ்டார்ம்பிளட்’ விரிவாக்கம் தொடங்கியபோது, ராவ்பான் என்ற பாத்திரத்திடம் பேசி நுழைய வேண்டிய ஒரு தனிநபர்ச் சண்டை நெரிசல் தாங்காமல் திணறியது. முதன்மைக் கதையே அங்கே அடைபட்டுப்போனது. சர்வர் திணறுகிறது என்பது எல்லோருக்கும் கண்கூடு. யாரும் தன் திறமையைச் சந்தேகிக்க வேண்டியிருக்கவில்லை. அந்த நிலையில் வீரர்கள் ராவ்பானின் முன்னால் வரிசை கட்டி நின்று, ஒவ்வொருவராக முயன்று பார்த்தார்கள். எரிச்சல் இல்லாமலில்லை, ஆனால் அது அவர்களைச் சேர்த்து நிறுத்திய எரிச்சல்.

தவறைச் சரியாக ஈடுசெய்ததற்கும் ஒரு பழைய எடுத்துக்காட்டு நினைவுக்கு வருகிறது. ‘எவர்குவெஸ்ட்’ விளையாட்டில் கெராஃபிர்ம் என்ற டிராகன் கொல்லவே முடியாதது என்று கருதப்பட்டது. 2003 நவம்பரில் ஒரு சர்வரில் சுமார் 200 பேர் கூடி, மணிக்கணக்கில் செத்துச் செத்து எழுந்து போராடி, அதன் உயிரில் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கைக் கரைத்துவிட்டார்கள். அப்போது டிராகன் திடீரென மறைந்துபோனது. எழுந்த எதிர்ப்பைக் கண்ட நிறுவனம் தன் தவறை ஒப்புக்கொண்டு மறுபடியும் போராட வாய்ப்பளித்தது. சில நாட்களில் அவர்கள் அதைக் கொன்றார்கள். ஆடுபவரின் உழைப்பை உண்மையான உழைப்பாக மதித்தால் இப்படித்தான் நடந்துகொள்ள முடியும்.

பிழைகளை வெளியே சொன்னால் சிலர் அதைத் தவறாகப் பயன்படுத்துவார்கள் என்று நிறுவனங்கள் தயங்குவதுண்டு. தங்கமோ பொருளோ பெருகும் பிழைகளில் அந்தத் தயக்கத்தை ஏற்கிறேன். பாலத்தில் நின்றுபோன ஒரு கிழவரால் யாருக்கு என்ன லாபம்? அங்கே மௌனத்துக்கு நியாயமே இல்லை. ‘வெளியேறி உள்நுழையுங்கள்’ என்ற ஆலோசனை உங்கள் பாத்திரத்தின் பதிவைச் சர்வரிலிருந்து புதிதாக ஏற்றவைக்கும் என்பதால் சில வேளைகளில் பலன் தரும். உலகத்தின் நினைவில் பழுது இருந்தால் பலன் தராது. மூன்றாவது முறையும் அதே பதிலை அனுப்பியது, முதல் இரண்டு கடிதங்களை யாரும் படிக்கவில்லை என்பதற்கான ஒப்புதல்தான்.

நன்றிகெட்டதனமா என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தப் படகோட்டியின் துயரத்தை நம்பி இரண்டு மாதங்கள் அவருடன் நடந்திருக்கிறீர்கள். அதை எழுதியவருக்கு இதைவிடப் பெரிய நன்றி வேறு எது? அக்காவிடமும் இதைச் சொல்லிப் பாருங்கள். படித்துக்கொண்டிருக்கும் கதையின் கடைசி அத்தியாயத்தை யாரோ கிழித்துவிட்டு, நீ சரியாகப் படிக்கவில்லை என்று சொன்னால் அவருக்கும் கோபம் வரும்.

இனிச் செய்யக்கூடியவை. நான்காவது முறை எழுதுங்கள். ஆனால் கோபத்தைவிட விவரம் அதிகமாக இருக்கட்டும். சர்வரின் பெயர், பாத்திரத்தின் பெயர், குவெஸ்டின் பெயரும் கட்டமும், கடைசியாக முயன்ற நாளும் நேர மண்டலத்துடன் கூடிய மணியும், பாலத்தில் அவர் நிற்கும் இடத்தின் ஆயத்தொலைவுகள், நீங்கள் தனியாக இருந்தீர்களா குழுவில் இருந்தீர்களா, அவர் நிற்பதற்கு முன் எங்காவது தாக்கப்பட்டாரா என்பவற்றை எழுதி, அவர் நடக்கத் தொடங்கியதிலிருந்து நிற்பதுவரையான காட்சிப்பதிவையும் இணையுங்கள். பிழையை மறுபடி நிகழ்த்திப் பார்க்க முடிந்தால்தான் நிரலாளர் அதைத் திருத்த முடியும். உங்கள் கடிதத்தைப் படிப்பவர் நிரலாளர் அல்லர் என்பதால், அவர் மாற்றாமல் அப்படியே மேலே அனுப்பக்கூடியதாக அது இருக்க வேண்டும். அவரைக் கடிந்துகொள்ளாதீர்கள், அந்த ஆயத்தப் பதிலை எழுதியவர் பெரும்பாலும் அவராக இருக்கமாட்டார். அதே பாலத்தில் நிற்கும் மற்றவர்களில் நால்வரையாவது தங்கள் விவரங்களுடன் தனித்தனியே எழுதச் சொல்லுங்கள். தெரிந்த சிக்கல்களின் பட்டியலில் இதைச் சேர்க்கும்படியும், உங்கள் பதிவைக் கையால் அடுத்த கட்டத்துக்கு நகர்த்தித் தரும்படியும் வெளிப்படையாகக் கேளுங்கள்.

இன்னொன்று: குவெஸ்டின் பிழையைத் திருத்தும்போது ஏற்கெனவே பழுதான பதிவுகள் தாமாகச் சரியாகாமல் போகலாம். பேட்ச் வந்த பிறகும் அவர் அங்கேயே நின்றால் உடனே மனம் உடைந்துவிடாதீர்கள். குவெஸ்டைக் கைவிட்டு, அதற்குரிய பொருள் எதுவும் பையிலோ பெட்டகத்திலோ மிஞ்சாதபடி பார்த்து, மறுபடி எடுத்துக்கொள்ளுங்கள். அதுவரை பாலத்தின் பக்கம் போகாதீர்கள். உங்களால் ஆன அனைத்தையும் அங்கே செய்துவிட்டீர்கள். அவர் ஊற்றை அடையும் நாளில் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். அங்கே அவர் என்ன சொல்கிறார் என்று தெரிந்துகொள்ள எனக்கும் ஆவலாக இருக்கிறது.

அன்புடன்.