காயத்துக்கு ஒரு எண், காரணத்துக்கு ஒரு எண்

கேள்வி (செங்காங் வாசகி): திருச்சியில் மெடிக்கல் கோடிங் படித்தேன், அதாவது நோய், காயம், அதன் காரணம் எல்லாவற்றையும் ஐசிடி என்ற உலக நோய்ப் பட்டியலின் எண்களாக எழுதும் வேலை. கல்யாணமாகி சிங்கப்பூர் வந்தபின் அமெரிக்கத் தேர்வுக்குத் தயாராகிறேன். மாதிரித் தேர்வில் ஒரு கேள்வி: ஆப்கானிஸ்தானில் ஐஇடி (கையால் செய்த வெடிகுண்டு) வெடித்து ஒரு ராணுவ வீரருக்கு இடது கால் முழங்காலுக்குக் கீழே துண்டாகிவிட்டது. கள மருத்துவமனை, ஜெர்மனி, அமெரிக்கா என்று மூன்று இடங்களில் அறுவை சிகிச்சை. நான் காரணமான போரைச் சொல்லும் எண்ணை முதலில் எழுதி, பிந்தைய இரண்டு இடங்களுக்கும் கடைசி எழுத்தாக 'டி' (D) போட்டேன். இரண்டுமே தவறாம். ஏன்?

பதில்: வரிசையை முதலில் பார்த்துவிடலாம். காரணத்தைச் சொல்லும் எண் ஒருபோதும் முதலில் நிற்காது, காயம்தான் முன்னால். அதனால் கால் துண்டானதற்கு எஸ்88.112ஏ, அதன்பின் போருக்கு ஒய்36.230ஏ. அந்த 230-இல் உள்ள 23 ஐஇடி வெடிப்பு, 0 ராணுவத்தினர். அதே குண்டில் அடிபட்ட, ராணுவத்தில் இல்லாத காய்கறிக்காரருக்கு 0 போய் 1 வரும். கூடவே ஒய்99.1, அதாவது ராணுவப் பணி. அதை முதல் சிகிச்சையின்போது ஒரு தடவை எழுதினால் போதும்.

கடைசி எழுத்தில்தான் நிறைய பேர் சறுக்குகிறார்கள். 'ஏ' என்றால் முதல் நாள், முதல் மருத்துவர் என்று நினைத்துக்கொள்கிறோம். அது அப்படி இல்லை. காயத்துக்கான தீவிர சிகிச்சை நடக்கும்வரை 'ஏ'தான். ஜெர்மனியில் புண்ணைத் திறந்து சுத்தம் செய்து மறுபடி அறுத்தாலும் 'ஏ', அமெரிக்காவில் புது மருத்துவர் அடுத்த அறுவை செய்தாலும் 'ஏ'. ஆறி வரும் காலத்தில் கட்டு மாற்றவும் தையல் பார்க்கவும் வரும்போதுதான் 'டி'. பல வருஷம் கழித்து அந்தக் காயத்தின் விளைவாக வேறு தொல்லை வந்தால் 'எஸ்'. அப்போது அந்தத் தொல்லைக்கான எண் முன்னால் வரும், காயம் பின்னால் போகும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மருத்துவர் வெறும் 'வெடிப்பு' என்று எழுதியிருந்தால் ஐஇடி என்று நீங்களாக ஊகிக்காதீர்கள். நான் இங்கே ஒரு மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருந்தபோது, கப்பல் பட்டறையிலிருந்து ஒரு தமிழ்த் தம்பியைக் கொண்டுவந்தார்கள். தாளில் 'வெடிப்புக் காயம்' என்று மட்டும் இருந்தது. பட்டறை என்றால் கேஸ் சிலிண்டர்தானே என்று அதற்கான எண்ணைப் போட்டேன். இரண்டு நாள் கழித்து வார்டுக்குப் போய்க் கேட்டேன்: வெடித்தது லாரி டயர். டயருக்கு வேறு எண் இருக்கிறது. திருத்தினேன், ஆனால் அந்தத் தம்பியின் முகம் இன்னும் மறக்கவில்லை. அன்றிலிருந்து மருத்துவரிடம் கேட்காமல் காரண எண் எழுதியதில்லை.

ஈராக், ஆப்கானிஸ்தான் போர்களின் காயப் பதிவேடுகளைப் பார்த்துத்தான், கை காலிலிருந்து ஓடும் ரத்தத்தை உடனே நிறுத்தினால் காப்பாற்றியிருக்கக்கூடிய உயிர்கள் எத்தனை என்று அமெரிக்க ராணுவம் கணக்கிட்டது. ரத்தத்தை இறுக்கி நிறுத்தும் டூர்னிகே பட்டை வீரர்கள் எல்லோர் கைக்கும் வந்ததில் அந்தக் கணக்குக்குப் பெரிய பங்கு உண்டு. ஊகித்து நிரப்பிய பதிவிலிருந்து இது எப்படிக் கிடைத்திருக்கும்?

கேள்வி (ஈசூன், ஒரு தாய்): மகன் தேசிய சேவையில் இருக்கிறான். பயிற்சியில் வெப்பத்தால் மயங்கி விழுந்தான். இப்போது நலம். மருத்துவத் தாளில் டி67.0 (T67.0) என்று பார்த்தேன். இதைப் போர்க்காயமாகக் கணக்கில் எடுத்துவிடுவார்களா?

பதில்: இல்லையம்மா, பயப்படாதீர்கள். போருக்கான எண் ஒய்36. பயிற்சிக்கு அதைத் தொடவே மாட்டார்கள். அமைதிக்கால ராணுவ நடவடிக்கைக்கு ஐசிடியின் அமெரிக்கப் பதிப்பில் ஒய்37 என்று தனியாக உண்டு. உலக சுகாதார நிறுவனத்தின் மூலப் பதிப்பில் அது கிடையாது. உங்கள் மகனுக்குக் காரண எண்ணாகப் பொருந்துவது எக்ஸ்30, அதாவது இயற்கை வெப்பம்.

நீங்கள் கவனிக்க வேண்டியது அந்த டி67.0. அது வெப்பத் தாக்கு, ஹீட் ஸ்ட்ரோக். உடம்பின் உள்வெப்பம் 40 டிகிரியைத் தாண்டி நினைவும் தடுமாறும் நிலை. வெறும் வெப்பச் சோர்வு என்றால் டி67.3 முதல் டி67.5 வரை உள்ள எண்களில் ஒன்று வந்திருக்கும். எது நடந்தது என்று மருத்துவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். ஒருமுறை ஹீட் ஸ்ட்ரோக் வந்தவர் மறுபடி ஓடத் தொடங்குவதை மருத்துவர் சொல்லும் வேகத்தில்தான் செய்ய வேண்டும். அந்தத் தாளின் நகல் ஒன்றை வீட்டில் பத்திரமாக வையுங்கள். அடுத்த முறை மகன் வேறு மருத்துவரைப் பார்த்தால் அவன் கேட்கிறானோ இல்லையோ, நீங்களே எடுத்துக் கொடுங்கள்.