வீசிங் இருக்கற பொண்ணோட டெல்லிக்கு வரப்போற தம்பிக்கு

தம்பி, நீங்க ஒரே மூச்சுல ஏழெட்டு கேள்வி கேட்டிருக்கீங்க. திருநெல்வேலியிலேர்ந்து அக்டோபர்ல ட்ரான்ஸ்ஃபர், வாடகை எவ்வளவு ஆகும், எந்த ஏரியா நல்லது, ஹிந்தி தெரியாம சமாளிக்கலாமா, ஸ்வெட்டர் அங்கயே எடுத்துட்டு வரணுமா, அப்புறம் கடைசியா போற போக்குல "7 வயசு பொண்ணுக்கு அப்பப்ப வீசிங் வரும், டெல்லி ஒத்துக்குமா"ன்னு ஒரு வரி. எனக்கு அந்த ஒரு வரிதான் கண்ணுல பட்டுச்சு. மத்ததெல்லாம் வந்தா தானா அமையும். ஆர்.கே.புரம், முனிர்கா, மயூர் விஹார் எங்க போனாலும் நம்ம ஆளுங்க இருக்காங்க, ஆர்.கே.புரத்துல இருக்கற முருகன் கோயில் மலை மந்திர்ல ஒரு நாள் போய் நின்னா வீட்டு ப்ரோக்கர் நம்பர்லேர்ந்து தோசை மாவு கடை வரைக்கும் கிடைச்சிடும். ஸ்வெட்டர் இங்க வாங்குங்க.

நாங்க வந்தது 1994ல. பையனுக்கு அப்ப அஞ்சு வயசு. ரோட்டுல போற பஸ் பூரா டீசல் புகை (கோர்ட் உத்தரவு போட்டு எல்லா பஸ்ஸும் சிஎன்ஜிக்கு மாறி முடிச்சது 2002 கடைசியிலதான்). தீபாவளி முடிஞ்ச கையோட ராத்திரியானா இருமல் ஆரம்பிச்சிடும், விடியக்காலையில விசில் சத்தம், மூச்சு இழுக்கறப்ப விலா எலும்புக்கு நடுவுல பள்ளம் விழும். வீட்டுக்காரர் ஆபீஸ் டூர்ல இருப்பார், எனக்கு ஹிந்தி ஒரு வார்த்தை வராது, கீழ்வீட்டு பஞ்சாபி அம்மாதான் அவங்க பையனை எழுப்பி ஸ்கூட்டர்ல எங்களை அனுப்பி வைப்பாங்க. ஒரு நர்ஸிங் ஹோம்ல ஒவ்வொரு தடவையும் நெபுலைசர் வச்சு, ஆன்டிபயாட்டிக் எழுதிக் குடுத்து அனுப்பினாங்களே தவிர இது ஆஸ்துமான்னு யாரும் வாய் திறந்து சொல்லல. அப்புறம் ஒரு வயசான சர்தார் டாக்டர்தான் பேப்பர்ல மூச்சுக்குழாய் படம் போட்டுக் காமிச்சு, இதுல ரெண்டு கோளாறு இருக்கு, வெளியில தசை இறுகுது, உள்பக்கம் வீங்கியிருக்கு, ரெண்டுக்கும் மருந்து வேற வேறன்னு புரிய வச்சார். அதைத்தான் உங்களுக்கும் சொல்ல வரேன்.

உங்க பொண்ணுக்கு இப்ப என்ன குடுக்கறீங்கன்னு நீங்க எழுதல. வீசிங் வந்தா மட்டும் சால்ப்யூடமால் (அவசரத்துக்கு எடுக்கற ரிலீவர்) ரெண்டு பஃப், போச்சுன்னா மூடி வச்சிடறதுன்னா அது தசையோட இறுக்கத்தை மட்டும்தான் விடும், உள்ள இருக்கற வீக்கம் அப்படியே இருக்கும். அந்த வீக்கத்துக்கு ப்யூடெசொனைடு, ஃப்ளூடிகசோன் மாதிரி ப்ரிவென்டர் (வீசிங் வராம தடுக்கற ஸ்டீராய்டு இன்ஹேலர்), அது நல்லா இருக்கற நாள்லயும் தினம் எடுக்க வேண்டியது, எடுத்தவுடனே ஒண்ணும் தெரியாது, முழு பலன் வர சில வாரம் ஆகும். அதனாலதான் சொல்றேன், டெல்லி வந்து நவம்பர் புகையில மாட்டிக்கிட்டு டாக்டரைத் தேடாதீங்க. இப்பவே ஊர்ல நல்ல குழந்தை டாக்டர்கிட்டயோ நுரையீரல் டாக்டர்கிட்டயோ காட்டி, தினமும் என்ன, மோசமானா என்ன, எந்த நிலையில ஆஸ்பத்திரின்னு ஒரு தாள்ல எழுதி வாங்கிடுங்க. கலரை வச்சு இன்ஹேலரை அடையாளம் வச்சுக்காதீங்க, மருந்து பேரைப் படிங்க. கம்பெனிக்கு கம்பெனி கலர் மாறும்.

இங்க இருக்கற நம்மாளுங்க மேல எனக்கு தீராத ஒரு கோவம் உண்டு. முப்பது வருஷமா டெல்லியில இருப்பாங்க, பிள்ளைங்க எம்.டெக் படிச்சிருக்கும், ஆனா இன்ஹேலர்னு சொன்னா "ஐயோ பழக்கமாயிடும், ஸ்டீராய்டு, வேண்டாம்"னு உடனே ஒரு கும்பல் கூடிடும். எங்க மாமியார் கடைசி வரைக்கும் அதைத்தான் சொன்னாங்க, நான் விட்டுக்குடுக்கல. இன்ஹேலர் பழக்கமாகாது. ஸ்டீராய்டு மாத்திரை மில்லிகிராம் கணக்கு, இது மைக்ரோகிராம் கணக்கு, அதுவும் நேரா நுரையீரலுக்குப் போகுது. உயரம் ஒரு சென்டிமீட்டர் அளவுக்குக் குறையலாம்னு ஆராய்ச்சியில பாத்திருக்காங்க, அதையும் மறைக்காம சொல்லிடறேன், ஆனா மூச்சு முட்டி ராத்திரி ஆஸ்பத்திரிக்கு ஓடற பிள்ளைக்கு அந்த ஒரு சென்டிமீட்டர் பெரிசில்ல. இதே கும்பல்தான் தயிர் குடுக்காத, வாழைப்பழம் குடுக்காத, விளையாட விடாதன்னு பிள்ளைய பட்டினியும் போட்டு மூலையிலயும் உக்கார வைக்கும். அந்தப் பிள்ளைக்குன்னு ஒரு சாப்பாடு அலர்ஜியா இருந்தாலொழிய எதையும் நிறுத்த வேண்டாம். ஹைதராபாத்ல ஜூன் மாசம் உயிர் மீனை விழுங்க வைக்கிற மருந்துக்கு கூட்டிட்டுப் போன்னு எங்ககிட்டயும் சொன்னாங்க, போகல. அது வேலை செய்யுதுன்னு யாரும் நிரூபிக்கல.

ஸ்பேசர் (இன்ஹேலர்ல மாட்டற பிளாஸ்டிக் குழாய்) இல்லாம குழந்தைக்கு இன்ஹேலர் குடுக்காதீங்க, பாதி மருந்து நாக்குலயும் தொண்டையிலயும் ஒட்டிடும். குலுக்கி, ஒரு நேரத்துல ஒரு பஃப், நிதானமா மூச்சு. ப்ரிவென்டருக்கு அப்புறம் வாய் கொப்பளிச்சுத் துப்பணும், இல்லன்னா வாயில வெள்ளை வெள்ளையா பூஞ்சை வரும். ஸ்பேசரை சோப்புத் தண்ணியில கழுவி அப்படியே காய விடுங்க, துணியால துடைச்சா உள்ள ஸ்டாடிக் ஏறி மருந்து பிளாஸ்டிக்ல ஒட்டிக்கும்.

காத்து விஷயம். அக்டோபர் கடைசியிலேர்ந்து ஜனவரி வரைக்கும்தான் இங்க மோசம். பஞ்சாப் ஹரியானாவுல வைக்கோல் எரிக்கறது, பட்டாசு, வண்டிப் புகை, அதோட குளிர்ல புகை மேல ஏறாம தரையோடயே தேங்கி நிக்கும். அதனாலதான் குளிர்காலத்துல ராத்திரியும் விடியக்காலையும் ரொம்ப மோசம், வெயில் ஏறின மத்தியானம் கொஞ்சம் பரவால்ல. ஊர்ப் பழக்கத்துல அஞ்சு மணிக்கு எழுந்து குழந்தையோட வாக்கிங் போகாதீங்க, போறதா இருந்தா மத்தியானம். சமீர்னு மத்திய மாசுக்கட்டுப்பாட்டு வாரியத்தோட ஆப் இருக்கு, தினம் பாருங்க. அதுல காட்டற காத்துத் தர எண் (ஏ.க்யூ.ஐ.) 300 தாண்டினா வெளி விளையாட்டு வேண்டாம், 400க்கு மேலன்னா அது சிவியர், ஜன்னலைச் சாத்திடுங்க. துணி மாஸ்க் இந்தப் புகையில இருக்கற நுண்ணிய தூசிக்கு ஆகாது, முகத்துக்கு சரியா பொருந்தற என்-95 வேணும். ஏர் ப்யூரிஃபையர் வாங்கற வசதி இருந்தா ஹெப்பா ஃபில்டர் (நுண்ணிய தூசியைப் பிடிக்கறது) உள்ளதா, ரூம் அளவுக்கு ஏத்ததா பாத்து பெட்ரூமுக்கு வாங்குங்க.

ஆனா வெளிய இருக்கற புகையைத் திட்டிட்டு வீட்டுக்குள்ள ஜன்னலைச் சாத்தி சாம்பிராணி போடறாங்களே, அதை என்ன சொல்றது. ஊதுபத்தி, கொசுவத்திச் சுருள், கற்பூரம் எல்லாமே வீசிங் பிள்ளைக்கு விஷம். சாமிக்கு விளக்கு ஏத்துங்க, போதும். குளிருக்கு கரி அடுப்பை ரூமுக்குள்ள வைக்கவே கூடாது, பெரியவங்களுக்கே கார்பன் மோனாக்சைடுல உயிர் போயிடும். பிப்ரவரி மார்ச்ல புகை போய் மகரந்தம் வரும். நம்ம ஊர் சீமைக்கருவேலம் இங்க ரிட்ஜ்னு சொல்ற குன்றுக் காடு பூரா இருக்கு, அதுவும் நிறைய பேருக்கு ஒத்துக்காது. அதனால குளிர் முடிஞ்சதுன்னு நீங்களா ப்ரிவென்டரை நிறுத்தாதீங்க, டாக்டர்தான் படிப்படியா குறைப்பார்.

வீடு பாக்கறப்ப சுவத்துல ஓதம் இருக்கான்னு பாருங்க, மெயின் ரோட்டு மேல வேண்டாம். கம்பளி ரஜாய்க்கு (குளிருக்குப் போத்திக்கற மெத்தைப் போர்வை) காட்டன் உறை போட்டு, அந்த உறையை வாரம் ஒரு தடவை 60 டிகிரி சூட்டுத் தண்ணியில துவைங்க, தூசிப் பூச்சி அந்த சூட்டுல செத்துடும். வருஷா வருஷம் ஃப்ளூ ஊசியை குளிருக்கு முன்னாடியே போட்டுடுங்க.

பேச ஆரம்பிச்சா முழு வாக்கியம் பேச முடியல, உதடு நீலம் பூக்குது, ரிலீவர் குடுத்தும் அடங்கலன்னா வீட்டுல உக்காந்து ஆவி பிடிக்காம உடனே எமர்ஜென்சிக்குப் போங்க, போற வழியிலயும் ரிலீவர் குடுத்துட்டே போங்க.

எங்க பையன் அதுக்கப்புறம் ஸ்கூல் ஃபுட்பால் டீம்ல ஆடினான், இப்பவும் இன்ஹேலர் பையில இருக்கும். லோதி எஸ்டேட் டி.டி.இ.ஏ. (டெல்லி தமிழ்க் கல்விக் கழகம்) ஸ்கூல்ல அவனோட பி.டி. சாரை நானே போய் பாத்து, உக்கார வைக்காதீங்க, ஓட விடுங்க, ஓடறதுக்கு முன்னாடி வார்ம்-அப் மட்டும் பண்ண வைங்கன்னு உடைஞ்ச ஹிந்தியில ஆரம்பிச்சேன், அவர் "நான் தஞ்சாவூர்ம்மா"ன்னு சொன்னதும் எனக்கு அழுகையே வந்துடுச்சு. நீங்களும் அட்மிஷன் அன்னைக்கே க்ளாஸ் மிஸ்கிட்ட ஒரு ரிலீவர், ஒரு ஸ்பேசர், டாக்டர் எழுதின தாளோட ஒரு ஜெராக்ஸ் குடுத்து வைங்க, எக்ஸ்பயரி தேதியை உங்க ஃபோன்ல போட்டு வச்சுக்கங்க.