பிரெஞ்சு சரியாக வராமல் பிரான்ஸ் சினிமாவில் ஒளிப்பதிவாளராக முடியுமா? ஜப்பானியரான தெட்சுவோ நகத்தா எப்படி ஆனார்?

இந்தக் கேள்விக்குப் பதில் எழுதாமல் போக மனம் வரவில்லை. இதே பிரெஞ்சால் ஒருநாள் பத்துப் பேருக்குக் குடிக்க வாங்கிக் கொடுத்தவன் நான். அது பிறகு.

நீங்கள் விஸ்கொம் முடித்துவிட்டுப் பாரிஸுக்கு வர யோசிக்கிற ஆள் என்று எடுத்துக்கொள்கிறேன். நகத்தாவைக் காட்டி வீட்டில் சம்மதம் வாங்கப் பார்க்கிறீர்கள். வாங்குங்கள், ஆனால் அவர் வயதையும் சேர்த்துச் சொல்லுங்கள். 1952இல் பிறந்தவருக்கு பிரான்ஸ் சினிமாவின் பெரிய விருதான செசார் முதல் தடவை கிடைத்தது 2002இல்.

அது பிரான்சுவா துய்பெரோனின் 'அதிகாரிகளின் அறை' படத்துக்கு. முதல் உலகப்போர் தொடங்கின கையோடு ஷெல் பட்டு முகம் சிதைந்த ஓர் இளம் அதிகாரி, பாரிஸ் வால் தெ கிராஸ் இராணுவ மருத்துவமனையில் கண்ணாடியே வைக்காத அறையில் கிடக்கிறான். அவன் முகத்தை நமக்கும் லேசில் காட்ட மாட்டார்கள். பார்க்க வருகிறவர்களின் கண்ணை வைத்து நாமே ஊகிக்க வேண்டும். அந்த வருடம் போட்டியில் 'அமேலி'யும் இருந்தது. பச்சையும் சிவப்புமாக ஊரே கொண்டாடிய படம். அதை விட்டுவிட்டு இந்தப் பழுப்பு வெளிச்சத்துக்குக் கொடுத்தார்கள். 'அமேலி' எடுத்த ழுனேயே பிறகு தன் 2009ஆம் வருடப் படத்துக்கு நகத்தாவைக் கூப்பிட்டார் என்பது எனக்குப் பிடித்த விஷயம்.

இரண்டாவது செசார் 2008இல், பிரெஞ்சுப் பாடகி எடித் பியாஃப் பற்றிய 'லா மோம்' படத்துக்கு. காதலன் மார்செல் செர்தான் விமான விபத்தில் இறந்த செய்தியை அவள் அறியும் காட்சியைத் தேடிப் பாருங்கள். படுக்கையறை, நடை, கூடம், கடைசியில் பாட்டு மேடை, எல்லாம் வெட்டே இல்லாமல் ஒரே ஓட்டம். நான் லைட் தூக்குகிறவன், எனக்கு அழுகை வரவில்லை. கமரா இப்படிச் சுற்றினால் லைட்டை எங்கே ஒளித்தார்கள் என்றுதான் தேடினேன்.

இனி மொழி. நான் பிரெஞ்சு மொழிக்கான பி2 நிலைச் சோதனை பாஸ் பண்ணிவிட்டு, பாரிஸுக்குப் பக்கத்து மொந்த்ரோயில் ஒரு குறும்படத்துக்கு எலெக்ட்ரோவாக, அதாவது லைட் வேலைக்காரனாக, போனேன். நல்ல உச்சரிப்போடு, "ஒரு 'கோர்த்' தாங்கோ" என்று கேட்டேன். கோர்த் என்றால் கயிறு, அகராதியிலும் அதுதான். தளமே அமைதியாகிவிட்டது. நாடகக் கொட்டகைக் காலத்திலிருந்து இங்கே அந்தச் சொல் ஆகாது, 'கேண்ட்' என்றுதான் சொல்ல வேண்டும். வாய் தவறினால் எல்லாருக்கும் குடிக்க வாங்கிக் கொடுக்க வேண்டும். மூத்த எலெக்ட்ரோ ஒருவர் தோளில் தட்டி, "இன்றைக்குத்தான் நீ பிரெஞ்சு பழகத் தொடங்கியிருக்கிறாய்" என்றார். அன்றைய சம்பளத்தில் பாதி பாரில் போனது. ஆனால் அதற்குப் பிறகுதான் என்னை ஆளாகக் கணக்கெடுத்தார்கள்.

ஆகவே பிரெஞ்சு வேண்டும், அது வகுப்பில் முழுதாகக் கிடைக்காது. "லைட் தூக்குகிறவனுக்கு ஒளிப்பதிவு பற்றி என்ன தெரியும்" என்று கீழே எழுத வருகிறவர்களுக்கு: நான் நகத்தாவோடு வேலை செய்ததாகச் சொல்லவில்லை. படத்தைப் பார்த்திருக்கிறேன், அவ்வளவுதான். திறமை இருந்தால் மொழி எதற்கு என்பவர்கள் ஒரு நாள் படப்பிடிப்பில் வந்து நின்றுவிட்டுச் சொல்லட்டும்.

இன்னொன்று, கேட்காவிட்டாலும் சொல்கிறேன். இங்கே சினிமாத் தொழிலாளிக்குப் பன்னிரண்டு மாதத்தில் 507 மணித்தியாலம் பதிவில் இருந்தால்தான் வேலையில்லாத நாட்களுக்குக் காசு வரும். போன வருடம் எனக்கு இருபது மணித்தியாலம் குறைந்தது. ஒரு தயாரிப்பாளர், பெயர் வேண்டாம், மூன்று நாள் வேலை வாங்கிவிட்டுப் பதியவே இல்லை. கேட்டால், "உனக்குப் பிரெஞ்சு விளங்கவில்லை, அது உதவிக்குத்தான் கூப்பிட்டது" என்கிறார். எனக்கு நன்றாகவே விளங்கியது. மூன்று மின்னஞ்சல் போட்டுவிட்டேன், எழுத்துப் பிழை ஒன்றுகூட இல்லாமல். பதில் இன்னும் வரவில்லை.