இழுவைப் பட்டனுக்கு இரண்டு லட்சமா?

கேள்வி: ஆத்தங்குடியில் தரைக்கல் பட்டறை வைத்திருக்கிறேன். இதுவரை வாடகை வண்டியில்தான் கல் அனுப்பி வந்தேன். இப்போது கொடைக்கானலில் கட்டும் ஒரு விடுதிக்கு ஐந்தாறு நடை போக வேண்டும். ஆட்டோமேட்டிக் கியர் உள்ள பிக்கப் ஒன்றைப் பார்த்து வைத்திருக்கிறேன். கையால் கியர் போடும் வகையைவிட இரண்டு லட்சம் அதிகம். “இதில் டோ மோட் என்ற இழுவைப் பட்டன் இருக்கிறது. அழுத்தினால் பின்னால் மூன்றரை டன் ட்ரெய்லரை இழுத்துவிடும்” என்கிறார் விற்பனையாளர். என் மைத்துனரோ, “பட்டனாவது ஒன்றாவது, சாதாரண கியர் வண்டியே போதும்” என்கிறார். யார் பேச்சைக் கேட்பது?
(ஆத்தங்குடி வாசகர்)

பதில்: மைத்துனர் பேச்சில் முக்கால் பங்கு சரி. விற்பனையாளர் பேச்சில் பட்டன் இருக்கிறது என்பது மட்டும் சரி.

அந்தப் பட்டன் எஞ்சினுக்கு ஒரு குதிரைத்திறனைக்கூடக் கூட்டுவதில்லை. அச்சு, சட்டகம், பிரேக், டயர் எல்லாம் அப்படியே இருக்கும். பட்டன் மாற்றுவது முக்கியமாகக் கியர்பெட்டியின் கணினி எடுக்கும் முடிவுகளைத்தான். ஆட்டோமேட்டிக் வண்டி இயல்பாகவே டீசலை மிச்சம் பிடிக்கப் பார்க்கும். கொஞ்சம் வேகம் வந்ததும் மேல் கியருக்குத் தாவிவிடும். பின்னால் பாரம் இருந்தால் அந்தக் கியரில் எஞ்சின் திணறும். உடனே கீழ் கியருக்கு இறங்கும், வேகம் பிடித்ததும் மறுபடி ஏறும். ஒரே மேட்டில் பத்துத் தடவை இந்தக் கூத்து நடந்தால் கியர்பெட்டி எண்ணெய் காய்ந்து கருகும். ஆட்டோமேட்டிக் கியர்பெட்டிக்குச் சூடுதான் முதல் எதிரி.

டோ மோட் போட்டால் கணினி அவசரப்படாது. கீழ் கியரையே நீட்டிப் பிடிக்கும். எஞ்சினுக்கும் கியர்பெட்டிக்கும் நடுவில் எண்ணெய் வழியாகச் சுழற்சியைக் கடத்தும் டார்க் கன்வெர்ட்டர் என்ற பாகத்தைப் பல வண்டிகளில் முன்னதாகவே பூட்டிவிடும். வழுக்கல் குறைவதால் சூடும் குறையும். இறக்கத்தில் பிரேக்கை மிதித்ததும் தானே கீழ் கியருக்கு வந்து, எஞ்சினைக் கொண்டே வண்டியைப் பிடித்து நிறுத்தப் பார்க்கும்.

‘ஏறிய கியரிலேயே இறங்கு’ என்று மலைப்பாதை லாரிக்காரர்கள் கிளீனர் பையனுக்குச் சொல்லிக்கொடுப்பார்களே, அந்தப் பாடத்தைக் கணினிக்குச் சொல்லிவைத்ததுதான் டோ மோட். கை கியர் வண்டியில் அதே வேலையை உங்கள் இடது கை செய்யும். மைத்துனர் விட்டுவிட்ட கால் பங்கு எது என்றால், கொண்டை ஊசி வளைவில் பாரத்தோடு நின்று நின்று கிளம்பும்போது கை கியர் வண்டியின் கிளட்ச் தட்டு தேயும், சில சமயம் கருகும். ஆட்டோமேட்டிக்கில் அந்தத் தொல்லை இல்லை. அந்த வசதிக்கு இரண்டு லட்சம் தகும் என்று தோன்றினால் கொடுங்கள். பட்டனுக்காக என்றால் கொடுக்காதீர்கள்.

இனி அந்த மூன்றரை டன். இந்த எண் வானத்திலிருந்து விழவில்லை. ஆஸ்திரேலியாவில் விற்கும் டொயோட்டா ஹைலக்ஸ், இசுசு டி-மேக்ஸ் போன்ற பிக்கப்புகளின் பல வகைகளுக்கு 3,500 கிலோ இழுவைத் திறன் என்று நிறுவனமே அறிவித்திருக்கிறது. ஆனால் அது ட்ரெய்லருக்கென்று தனி பிரேக் இருந்தால்தான். பிரேக் இல்லாத ட்ரெய்லருக்கு அதே வண்டிகளின் எல்லை 750 கிலோ. விளம்பரக் காணொளிகளில் இந்த இரண்டாவது எண்ணை உரக்கச் சொல்பவர் குறைவு. உள்ளூர்ப் பட்டறையில் கோண இரும்பை வைத்துச் செய்துதரும் இரட்டைச் சக்கர ட்ரெய்லருக்கு பிரேக் இருக்கிறதா என்று நீங்களே குனிந்து பார்த்துக்கொள்ளுங்கள். மேலும், வெளிநாட்டில் அறிவித்த எண் இங்கே விற்கும் வண்டிக்கு உத்தரவாதம் ஆகாது. இங்கே தரும் உரிமையாளர் கையேட்டில் இழுவை எடை அச்சாகியிருக்கிறதா என்று பாருங்கள். அச்சாகவில்லை என்றால் அந்த வண்டி ட்ரெய்லர் இழுக்க வாங்கத் தக்கது அல்ல. பட்டன் பளபளவென்று இருந்தாலும் இதுதான் கணக்கு.

உங்கள் சரக்கை எடை போட்டுப் பாருங்கள். கண்ணாடித் தட்டின்மேல் வார்த்து, தண்ணீரில் ஊறவைத்து எடுக்கும் சிமெண்ட் கல் அது. பார்ப்பதற்குப் பூவாக இருக்கும், தூக்கினால் கல்தான். ஒரு கல் ஒன்றேமுக்கால் கிலோ என்று வைத்துக்கொண்டால் ஆயிரம் கல் 1,750 கிலோ. ட்ரெய்லரின் சொந்த எடை, பலகை, வைக்கோல் எல்லாம் இதற்கு மேல். பிக்கப் தொட்டியில் ஏற்றும் சரக்கும் வண்டியில் உட்காரும் ஆளும் இழுவைக் கணக்கிலிருந்து கழியும் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். வண்டியும் ட்ரெய்லரும் சேர்ந்த மொத்த எடைக்கு என்று ஓர் எல்லை உண்டு. அந்த எல்லையைத்தான் நீங்கள் கேட்டு வாங்க வேண்டும்.

காரைக்குடி, திருப்பத்தூர், சிங்கம்புணரி, நத்தம், திண்டுக்கல் வரை பெரிய கஷ்டம் இல்லை. கண்மாய்க் கரை ஏற்றங்களைத் தவிர நம் பக்கத்தில் மேடு ஏது? வத்தலக்குண்டு தாண்டித்தான் பரீட்சை. அங்கிருந்து கொடைக்கானல் ஏறத்தாழ 1,800 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஏறும்போது எஞ்சின் படும் பாட்டை எல்லோரும் பார்ப்பார்கள். இறங்கும்போது பிரேக் படும் பாடு கண்ணுக்குத் தெரியாது. நான்கு டன் எடை அந்த உயரத்திலிருந்து இறங்கினால் வெளியேற வேண்டிய ஆற்றல், இரண்டு லிட்டர் டீசலை எரித்தால் வரும் வெப்பத்துக்குச் சமம். அவ்வளவும் எஞ்சினிலும் காற்றிலும் போகாவிட்டால் பிரேக்கில்தான் சேரும். பிரேக் அளவுக்கு மீறிச் சூடேறிவிட்டால் மிதி தளர்ந்து கீழே போகும், பிடிக்காது. நீங்கள் கல்லை இறக்கிவிட்டுக் காலியாகத் திரும்பப் போகிறீர்கள், அது உங்கள் அதிர்ஷ்டம். ஆனால் மலையிலிருந்து பழைய மரம், சாமான் என்று திரும்பும் பாரம் கிடைத்தால் மறுக்க மனம் வராது. அப்போதுதான் டோ மோட் தன் சம்பளத்தைச் சம்பாதிக்கும். மலை உச்சியிலேயே போட்டுவிட வேண்டும். வேகம் எடுத்த பிறகு போட்டுப் பயன் குறைவு. டீசல் எஞ்சின் தானாகப் பிடிக்கும் வலு பெட்ரோல் எஞ்சினைவிடக் குறைவு என்பதால், புகை வெளியேறும் வழியை அடைத்து எஞ்சினைக் கொண்டே வேகத்தைக் குறைக்கும் எக்ஸாஸ்ட் பிரேக் இருக்கிறதா என்றும் கேளுங்கள். மழையில் நனைந்த வளைவில் திடீரென்று கீழ் கியர் விழுந்தால் பின்சக்கரம் வழுக்கும். முதலிலேயே வேகத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

பட்டன் எட்டிப் பார்க்காத இன்னொரு விஷயம் பாரத்தை வைக்கும் விதம். மாட்டு வண்டி ஓட்டிய பெரியவர் யாராவது வீட்டில் இருந்தால் முன்பாரம், பின்பாரம் என்றால் என்ன என்று கேளுங்கள். பின்பாரம் ஏறினால் நுகத்தடி மாட்டின் கழுத்தை விட்டு மேலே எழும்பும். முன்பாரம் மிஞ்சினால் மாடு மண்டியிடும். ட்ரெய்லரும் அப்படியே. ட்ரெய்லரின் மொத்த எடையில் சுமார் பத்தில் ஒரு பங்கு கொக்கியின்மேல் உட்கார வேண்டும். பின்பாரமாக ஏற்றினால் எண்பது கிலோமீட்டர் வேகத்தில் ட்ரெய்லர் வாலை ஆட்டத் தொடங்கும். அப்போது பிரேக்கை ஓங்கி மிதிப்பதும் ஸ்டியரிங்கை எதிர்ப்பக்கம் ஒடிப்பதும் கூடாது. ஆக்சிலரேட்டரை விட்டு வேகம் தானாகக் குறையட்டும்.

இவ்வளவும் கேட்ட பிறகு என் யோசனை: ஐந்தாறு நடைக்காக வண்டி வாங்காதீர்கள். மலைப்பாதை பழகிய ஓட்டுநரோடு ஒரு லாரியை வாடகைக்கு எடுங்கள். வருடம் முழுக்க வேலை இருக்கிறது என்றால், ட்ரெய்லர் இல்லாமல் தொட்டியிலேயே ஒன்றரை டன் ஏற்றும் சரக்கு வண்டிதான் உங்கள் தொழிலுக்குப் பொருத்தம். அதில் இந்தப் பட்டனே இருக்காது, குறையும் தெரியாது.

கேள்வி: காரைக்குடியில் கல்யாணச் சமையல் எடுத்துச் செய்கிறேன். அண்டா, தேக்சா, அடுப்பு, சிலிண்டர் எல்லாம் ட்ரெய்லரில் வரும். சென்ற வருடம் மதுரையில் வாங்கிய பிக்கப், ‘இழுவைக்கு ஏற்றது’ என்று சொல்லி விற்கப்பட்டது. ஏழாம் மாதமே கியர்பெட்டி போய்விட்டது. “ட்ரெய்லர் மாட்டினீர்கள், அதனால் வாரண்டி கிடையாது” என்கிறார்கள். தொழிலுக்கு வாங்கிய வண்டிக்கு நுகர்வோர் ஆணையம் உதவாது என்கிறார் நண்பர். உண்மையா?
(காரைக்குடி வாசகர்)

பதில்: நண்பர் சட்டத்தைப் பாதியில் மூடிவிட்டார். 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் வணிக நோக்கத்துக்கு வாங்கியவரை நுகர்வோர் கணக்கில் சேர்ப்பதில்லை. ஆனால் சுயதொழில் செய்து பிழைப்பதற்காகவே வாங்கிப் பயன்படுத்துபவருக்கு அந்த விலக்கு பொருந்தாது. நீங்களே கரண்டி பிடிக்கிறீர்கள், ஓர் வண்டிதான் வைத்திருக்கிறீர்கள் என்றால் வழி திறந்திருக்கிறது. பத்து வண்டியும் முப்பது ஆளும் வைத்திருக்கிறீர்கள் என்றால் கடினம்.

மதுரைக்கு அலைய வேண்டாம். நீங்கள் குடியிருக்கும் அல்லது தொழில் செய்யும் இடத்திலேயே புகார் கொடுக்கலாம், அதாவது சிவகங்கை மாவட்ட ஆணையத்தில். கொடுத்த விலை 50 லட்சத்துக்குள் இருந்தால் மாவட்ட ஆணையமே விசாரிக்கும். கட்டணம் விலையைப் பொறுத்தது. 10 முதல் 20 லட்சம் வரை 400 ரூபாய்தான். வழக்குக்குக் காரணம் எழுந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும். அதற்கு முன் 1915 என்ற தேசிய உதவி எண்ணில் பதிவு செய்து பாருங்கள். சில சமயம் அங்கிருந்து போகும் ஒரு கடிதமே நிறுவனத்தை இளக்கிவிடும்.

வழக்கு நிற்பதும் விழுவதும் சட்டத்தால் அல்ல, தாளால். ‘இழுவைக்கு ஏற்றது’ என்று சொன்னதற்கு விளம்பரத் தாள், விற்பனையாளர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி என்று ஏதாவது இருக்கிறதா? இருந்தால் வாரண்டி மறுப்பைத் தைரியமாக எதிர்க்கலாம். எதிர்த்தரப்பு கேட்கப் போவதையும் சொல்லிவிடுகிறேன். கொக்கியை நிறுவனமே பொருத்தியதா, வெல்டிங் பட்டறையில் ஒட்டியதா? நிறுவன வடிவமைப்புக்கு மாறாக வண்டியை மாற்றுவதை மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு தடுக்கிறது. ட்ரெய்லருக்குத் தனிப் பதிவு எண் இருக்கிறதா, இன்சூரன்ஸ் பாலிசியில் அது ஏறியிருக்கிறதா? அளவுக்கு மேல் ஏற்றினீர்களா? அதிக பாரத்துக்கு 20,000 ரூபாய் அபராதம், கூடுதல் டன் ஒவ்வொன்றுக்கும் மேலும் 2,000 என்பது சாலையில் பிடித்தால். ஆணையத்தில் அதுவே உங்கள் வாதத்தை முறிக்கும். ஒரு தடவை எடைமேடையில் ஏற்றி ரசீது வாங்கி வையுங்கள். அண்டாவின் எடை உங்களுக்கே வியப்பாக இருக்கும்.

கேள்வி: என் மகன் டோ மோட் பட்டனை எப்போதும் அழுத்தியே ஓட்டுகிறான். ‘இழுப்பு நன்றாக இருக்கிறது’ என்கிறான். ட்ரெய்லரே இல்லை. வண்டிக்குக் கெடுதலா?
(பள்ளத்தூர் வாசகி)

பதில்: வண்டிக்குப் பெரிய கெடுதல் இல்லை அம்மா, டீசல் பில்லுக்குத்தான். மேல் கியருக்குப் போகாமல் எஞ்சின் வேகமாகச் சுழல்வதைத்தான் அவர் இழுப்பு என்று நினைக்கிறார். வண்டியும் ட்ரெய்லரும் சேர்ந்த எடை, அதற்கான மொத்த எல்லையில் முக்கால் பங்காவது இருக்கும்போதுதான் இது நன்கு பயன்படும் என்று செவர்லே பிக்கப் கையேடுகள் சொல்கின்றன. டீசல் காசை ஒரு மாதம் அவரையே கொடுக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: தேவகோட்டையில் பழைய ஆட்டோமேட்டிக் பிக்கப் ஒன்று விலைக்கு வருகிறது. ‘ட்ரெய்லர் மாட்டியதே இல்லை’ என்கிறார் உரிமையாளர். எப்படிச் சரிபார்ப்பது?
(தேவகோட்டை வாசகர்)

பதில்: வாயைப் பார்க்காமல் வாலைப் பாருங்கள். பின்சட்டகத்தில் கொக்கி மாட்டிய துளை, புதிதாகப் பெயின்ட் அடித்த தழும்பு, பின்விளக்குக் கம்பியில் வெட்டி ஒட்டிய இடம், இவற்றில் ஒன்று இருந்தாலும் அவர் சொன்னதைச் சந்தேகியுங்கள். பிறகு நம்பகமான மெக்கானிக்கை அழைத்துக் கியர்பெட்டி எண்ணெயைப் பார்க்கச் சொல்லுங்கள். பல புதிய வண்டிகளில் அளவுகோல் இருக்காது. தூக்கி நிறுத்தித்தான் பார்க்க முடியும். எண்ணெய் கறுத்து, கருகல் வாடை வந்தால் எவ்வளவு விலை குறைத்தாலும் திரும்பி வந்துவிடுங்கள். ஓட்டிப் பார்க்கும்போது எஞ்சின் சூடாகும் வரை, குறைந்தது அரைமணி நேரம் ஓட்டுங்கள். குளிர்ந்த கியர்பெட்டி தன் குறையைக் காட்டாது. சூடேறிய பிறகுதான் உதறும்.