ஏற்காட்டு மழையில் ஓலைச்சுவடி: சேலத்து வெயில் உதவுமா?

கேள்வி: ஏற்காட்டில் எங்கள் பள்ளியில் சின்னதாக ஒரு காட்சி அறை வைத்திருக்கிறோம். ஓலைச்சுவடிகள், பழைய எஸ்டேட் புகைப்படங்கள், இரும்புக் கருவிகள் இருக்கின்றன. மழைக்காலத்தில் பீரோவுக்குள் பூஞ்சணம் பிடிக்கிறது. அந்துருண்டை போட்டும் பயனில்லை. சுவடிகளைச் சேலத்துக்குக் கொண்டுபோய் வெயிலில் காயவைக்கலாமா?

பதில்: தயவுசெய்து வேண்டாம். மேலே 20 டிகிரியில் 90 சதவீத ஈரப்பதத்தோடு இருக்கும் காற்று, கீழே 35 டிகிரிக்குச் சூடானால் அதே நீராவியோடு 40 சதவீதத்துக்கு அக்கம்பக்கம் வந்துவிடும். பல மாதம் ஈரத்தை உறிஞ்சிய ஓலை ஒரே நாளில் அதை இழந்தால் சுருண்டு, நரம்போடு பிளக்கும். பூஞ்சணத்தையாவது துடைத்துவிடலாம், பிளந்த ஓலை மறுபடி சேராது. சுவடிக்கு வேண்டியது நிலையான ஈரப்பதம். 50 முதல் 60 சதவீதத்துக்குள் இருந்தால் போதும். பூஞ்சணம் செழிப்பது 65, 70 சதவீதத்தைத் தாண்டும்போதுதான்.

முதலில் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும் ஈரப்பதமானி ஒன்றை பீரோவுக்குள்ளேயே வையுங்கள். அப்புறம் பீரோ இருக்கும் இடத்தைப் பாருங்கள். மழையடிக்கும் வெளிச்சுவரை ஒட்டி நின்றால், அந்தச் சுவரின் குளிர்ச்சியில் பீரோவின் பின்பக்கம் வியர்க்கும். அறையில் 65 காட்டும்போதே அங்கே 80 இருக்கலாம். உள்சுவர்ப் பக்கம் மாற்றுங்கள், சுவரிலிருந்து ஒரு சாணாவது தள்ளி. காற்றோட்டத்துக்கு என்று மூடுபனி நேரத்தில் ஜன்னலைத் திறந்து வைக்கும் பழக்கம் மலையில் நிறைய இடங்களில் உண்டு. அறைக்குள் ஈரத்தை அழைத்து வருவதே அதுதான். வெளியே காய்ந்த பொழுதில் மட்டும் திறங்கள். வசதி இருந்தால், மூடிய அறையில் ஈரம் உறிஞ்சும் இயந்திரம் ஒன்று வைக்கலாம். இல்லையென்றால் இறுக்கமாக மூடும் பெட்டியில் சிலிக்கா ஜெல். ஆனால் அளவு மிஞ்சினால் அதுவும் ஓலையை வறட்டிவிடும். ஈரப்பதமானியைப் பார்த்துப் பார்த்துச் சேருங்கள்.

அந்துருண்டை பூச்சிக்கானது, பூஞ்சணத்தை நிறுத்தாது. அதன் ஆவி பிள்ளைகள் நடமாடும் அறைக்கு நல்லதும் இல்லை, எடுத்துவிடுங்கள். பூச்சிக்குத் தஞ்சை சரசுவதி மகால் நூலகத்தில் செய்வதுபோல் வசம்பு, மிளகு, கிராம்பு, பட்டை, கருஞ்சீரகத்தைப் பொடித்து, கற்பூரம் சேர்த்துத் துணிமுடிச்சாக வைக்கலாம்.

ஏற்கெனவே பிடித்த பூஞ்சணத்தை ஈரத்துணியால் துடைக்காதீர்கள். அந்தச் சுவடிக்கட்டைத் தனியே பிரித்து, நிழலான அறையில் மெல்ல உலரவிட்டு, முகக்கவசம் போட்டுக்கொண்டு, மென்மையான தூரிகையால் வெளியில் வைத்துத் தட்டுங்கள். எலுமிச்சைப்புல் எண்ணெய் பூசுவது அதற்குப் பிறகு, வண்ணம் தீட்டாத ஓலைகளுக்கு மட்டும். மிச்ச எண்ணெயைத் துடைத்துவிடுங்கள், இல்லையென்றால் தூசி ஒட்டும்.

புகைப்படங்கள் சட்டகக் கண்ணாடியைத் தொடாமல் இருக்கட்டும், ஈரத்தில் ஒட்டிக்கொள்ளும். இரும்புக் கருவிகளுக்கு இன்னும் வறண்ட, தனிப் பெட்டி வேண்டும்.

ஒன்றோடொன்று ஒட்டிப்போன ஓலைகள் இருந்தால் நீங்களாகப் பிரிக்க முயலாதீர்கள். அப்படியே ஒரு தாளில் சுற்றி வைத்து, சென்னை எழும்பூர் அரசு அருங்காட்சியகத்தின் வேதியியல் பாதுகாப்பு ஆய்வகத்தில் ஆலோசனை கேளுங்கள்.